மலைப்பூவின் முகத்தை மட்டும் படமெடுக்காதீர்கள்

இலங்கை மலைநாட்டுத் தேசியப் பூங்காவான ஹோட்டன் சமவெளிக்குப் போய்வரும் கொழும்பு நண்பர்கள் பூப்படங்களைக் காட்டிப் பெயர் கேட்கிறார்கள். ஆர்வம் பெரிது, ஆனால் பிழைகள் மாறுவதேயில்லை. அந்தப் பிழைகளை இங்கே ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

மேலிருந்து மட்டும் எடுப்பது

வெள்ளவத்தைத் தம்பி ஒருவர் அண்மையில் போனை நீட்டினார். மஞ்சள் பூ, இதழில் பனித்துளி. அருமையான படம்.

"அண்ணா, இது செனேசியோதானே?"

"பூவுக்கு அடிப்பக்கம், இலை, தண்டு எடுத்தீங்களா?"

"இல்லை அண்ணா, பூ வடிவா வந்தாச் சரி எண்டு விட்டுட்டன்."

இரவெல்லாம் பயணம் செய்து 2,000 மீற்றருக்கு மேல் ஏறிப்போய் எடுத்த படம், பெயரில்லாமல் கிடக்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் இது எனக்கு ஆற்றாமையாகவே இருக்கிறது.

செனேசியோ சூரியகாந்திக் குடும்பத்துச் செடி. அந்தக் குடும்பத்தில் நாம் ஒரு பூ என்று சொல்வது பல சிறு பூக்களின் கொத்து. மேலிருந்து பார்த்தால் பல இனங்கள் ஒரே மஞ்சள்தான். பூத்தலையைத் தாங்கும் பச்சைச் செதில்களைப் பாருங்கள். செனேசியோவில் அவை ஒரே உயரத்தில் ஒற்றை வரிசையாக நிற்கும். அடியில் மிகச் சிறிய செதில்கள் சில ஒட்டியிருக்கும். தண்டில் இலைகள் மாறி மாறி வரும். நுவரெலியாப் பக்கம் புல்தரையில் பூக்கும் ஹைப்போகேரிஸ் வெளிநாட்டுக் களை. அதன் செதில்கள் பல அடுக்காக ஒன்றன்மேல் ஒன்று படிந்திருக்கும், இலைகள் தரையோடு பரந்து கிடக்கும். நம் மலைகளில் மட்டுமே வளரும் செனேசியோ இனங்களையும் அந்தக் களையையும் பிரித்துச் சொல்ல இந்த அடிப்பக்கம் வேண்டும்.

ஆகவே ஒரு செடிக்கு நான்கு படமாவது எடுங்கள்: முழுச்செடி, பூவின் முகம், பக்கவாட்டில் செதில்கள், இலையின் இருபுறம். காய்ந்த தலை இருந்தால் விதையின் வெண்மயிரையும் சேருங்கள். அளவு தெரியப் பக்கத்தில் விரலை வைத்தால் போதும்.

பறிப்பது

வேண்டாம். தேசியப் பூங்காவுக்குள் அது சட்டப்படி குற்றம். படம்தான் ஒரே சான்று என்பதால்தான் மேலே இவ்வளவு சொன்னேன்.

மஞ்சளெல்லாம் அரிதென்று நினைப்பது

முள்ளோடு புதராக, மஞ்சளாய்ப் பூத்து நிற்பது கோர்ஸ். பட்டாணிக் குடும்பம், ஐரோப்பாவிலிருந்து வந்து பரவியது.

பாதையை விட்டு இறங்குவது

ஒரு பூவை நெருங்கப் போய்ப் பத்துக் கன்றை மிதிப்பீர்கள்.

இடத்தை எல்லோருக்கும் சொல்வது

அரிய செடி என்று சந்தேகம் வந்தாலே, படத்திலுள்ள இருப்பிடத் தகவலை நீக்கிவிட்டு அனுப்புங்கள். பொதுவில் மலையின் பெயர் போதும். சரியான இடத்தைப் பேராதனைத் தேசிய உலர்தாவரகத்தாரிடம் (காய்ந்த செடி மாதிரிகளைச் சேர்த்து வைக்கும் இடம்) மட்டும் சொல்லுங்கள்.