மாட்ரிட்டிலிருந்து தொலேதோ: வழிகாட்டியுடன் ஒரு நாள், முதல்முறை போகிறவர்களுக்கு

தொலேதோவை நான் இரண்டு முறை பார்த்திருக்கிறேன். முதல்முறை பார்த்ததைக் கணக்கில் சேர்க்கலாமா என்பதில் எனக்கே சந்தேகம். மாட்ரிட்டில் கிளம்பிய ஒரு சுற்றுலாப் பேருந்து, காலையில் ஓர் ஊர், மாலையில் இன்னோர் ஊர் என்று எங்களை அள்ளிக்கொண்டு போனது. பேராலயத்தின் வாசலில் பத்து நிமிடம் நிற்க வைத்து, உள்ளே போக நேரமில்லை என்றார்கள். அங்கிருந்து நேரே வாள் விற்கும் கடைக்கு அழைத்துப் போய், அங்கே முக்கால் மணி நேரம் விட்டார்கள். வாளை வாங்கி நான் என்ன செய்வது? இரண்டாம் முறை பாதி நாள் வழிகாட்டியுடனும் பாதி நாள் தனியாகவும் சுற்றினேன். இந்தச் செய்முறை அந்த இரண்டாவது நாளிலிருந்து பிறந்தது.

ஸ்பெயினின் தலைநகர் மாட்ரிட்டுக்குத் தெற்கே ஏறக்குறைய 70 கிலோமீட்டரில் இருக்கிறது ஊர். தாஹோ நதி மூன்று பக்கமும் வளைத்து ஓட, நடுவே ஒரு பாறைக் குன்று, குன்றின் மேல் நெருக்கியடித்த வீடுகள். விசிகோத் அரசர்களின் தலைநகராக இருந்து, 8ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முஸ்லிம் ஆட்சிக்கு மாறி, 1085இல் கிறிஸ்தவ அரசர் ஆறாம் அல்ஃபோன்சோவின் கைக்கு வந்தது. 1561இல் இரண்டாம் ஃபிலிப் தன் அரசவையை மாட்ரிட்டுக்குப் பெயர்த்துக்கொண்டு போனார். அதன்பின் ஊர் பெரிதாக வளரவில்லை. பழைய தெருக்கள் தப்பிப் பிழைத்ததற்கு அந்தச் சரிவுக்கும் பங்குண்டு. 1986இல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

வழிகாட்டி எதற்கு, புத்தகமோ கைப்பேசியோ போதாதா என்று கேட்கலாம். இந்த ஊரில் பெயர்ப்பலகையை நம்பினால் குழப்பம்தான் மிஞ்சும். ‘வெண்ணிற சாந்தா மரியா’ என்ற பெயரைத் தாங்கி நிற்பது யூதர்கள் கட்டிய தொழுகைக்கூடம். ‘ஒளியின் கிறிஸ்து’ என்று எழுதியிருப்பது 999இல் எழுந்த மசூதி. எந்தச் சுவர் யாருடையது, யார் எப்போது பெயரை மாற்றினார்கள் என்பதை அருகில் நின்று ஒருவர் சொன்னால்தான் ஊர் பிடிபடும்.

முதல் படி: கிழமையைப் பாருங்கள்

திங்கட்கிழமை வேண்டாம். யூதர் வரலாற்றைச் சொல்லும் செஃபார்தி அருங்காட்சியகம் அன்று மூடியிருக்கும். ஞாயிறு காலையும் வேண்டாம். வழிபாடு நடப்பதால், சுற்றுலாப் பயணிகளைப் பேராலயத்துக்குள் பிற்பகலில்தான் விடுகிறார்கள். செவ்வாய் முதல் வெள்ளி வரை எந்த நாளும் சரி. ஜூலை, ஆகஸ்டில் வெயில் 40 டிகிரியைத் தொடும். நம் ஊர் வெயிலில் வளர்ந்தவர்கள்கூட அந்த வறண்ட சூட்டில் குன்று ஏறினால் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். ஏப்ரல், மே, அக்டோபர் நல்ல மாதங்கள். மே அல்லது ஜூனில் கார்புஸ் கிறிஸ்தி திருவிழாவை ஒட்டிப் போனால், ஊர்வலம் செல்லும் தெருக்களுக்கு மேலே துணிப்பந்தல் கட்டியிருப்பதைப் பார்க்கலாம். அழகான காட்சி, கூட்டமும் அதற்கேற்றபடி இருக்கும்.

இரண்டாம் படி: டூரைத் தேர்ந்தெடுத்தல்

பணமும் நாளும் வீணாவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். இணையத்தில் தேடினால் டஜன் கணக்கில் டூர்கள் வந்து விழும். விலையைப் பார்ப்பதற்கு முன் நான்கு கேள்விகளுக்கு விடை தேடுங்கள்.

எத்தனை ஊர்? தொலேதோவையும் செகோவியாவையும் ஒரே நாளில் காட்டும் டூர்கள் நன்றாக விற்கின்றன. தொலேதோ மாட்ரிட்டுக்குத் தெற்கே, செகோவியா வடமேற்கே. இரண்டுக்கும் போய்த் திரும்பினால் 300 கிலோமீட்டருக்கு மேல் சாலையில் ஓட வேண்டும். அன்று நீங்கள் அதிகம் பார்ப்பது பேருந்தின் முன்னிருக்கையை. ஒரே ஊர் போதும்.

உள்ளே போகிறார்களா? ‘பரந்த காட்சி’, ‘நடைச் சுற்றுலா’ என்ற சொற்கள் மட்டும் இருந்தால் வெளியில் நின்று பார்ப்பது என்று பொருள். ‘நுழைவுக் கட்டணம் உட்பட’ என்றிருந்தால், எந்தெந்தக் கட்டடத்துக்கு என்று பட்டியல் கேளுங்கள். பேராலயம் அதில் இல்லையென்றால் அடுத்த டூரைப் பாருங்கள்.

எத்தனை பேர்? ஐம்பது பேர் கொண்ட குழு இரண்டு ஆள் அகலத் தெருவில் நுழைந்தால் கடைசி ஆளுக்கு வழிகாட்டியின் குடை நுனிகூடத் தெரியாது. காதில் மாட்டும் ஒலிக்கருவி தருவார்கள், ஆனால் தெரு திரும்பியதும் கரகரப்புதான் கேட்கும். பதினைந்து பேருக்குள் இருந்தால் நல்லது.

எந்த மொழி? ஒரே வழிகாட்டி ஒவ்வொரு தகவலையும் ஸ்பானிய மொழியில் ஒருமுறை, ஆங்கிலத்தில் ஒருமுறை சொல்லும் இருமொழிக் குழுக்கள் உண்டு. கேட்கும் நேரத்தில் பாதி போய்விடும். ஆங்கிலத்தில் மட்டும் நடப்பதையே எடுங்கள்.

என் பரிந்துரை இதுதான்: மாட்ரிட்டிலிருந்து நீங்களே ரயிலில் போய்விடுங்கள். தொலேதோவிலேயே தொடங்கும் இரண்டரை அல்லது மூன்று மணி நேர நடையை, அரசு உரிமம் பெற்ற வழிகாட்டியுடன், காலை பத்து மணி அளவில் பதிவு செய்யுங்கள். மாலை முழுவதும் உங்கள் வசம். ‘இலவச நடை’ என்று விளம்பரம் செய்யும் குழுக்களும் இருக்கின்றன. முடிவில் அன்பளிப்பு கொடுப்பது வழக்கம் என்பதால் பெயரில் மட்டும்தான் இலவசம், ஆனாலும் செலவு குறைவு. அவற்றில் பெரும்பாலும் எந்தக் கட்டடத்துக்குள்ளும் போக மாட்டார்கள்.

வயதானவர்களை அழைத்துப் போகிறீர்கள் என்றால் மாட்ரிட்டிலிருந்தே கிளம்பும் பேருந்து டூர் வசதிதான். நதிக்கு அக்கரையில் இருக்கும் வாலே காட்சிமுனையில் பெரும்பாலும் நிறுத்துவார்கள். வளையும் நதி, குன்று, பேராலயத்தின் கோபுரம், அல்காசர் கோட்டை எல்லாம் ஒரே பார்வைக்குள் அடங்கும் இடம் அது. ரயிலில் போகிறவர்கள் இதற்காக டாக்ஸியோ, ஊரின் மையமான சொகொதோவேர் சதுக்கத்தில் கிளம்பும் சுற்றுலாக் குட்டி ரயிலோ பிடிக்க வேண்டும்.

மூன்றாம் படி: போய்ச் சேருதல்

மாட்ரிட்டின் அதோச்சா நிலையத்திலிருந்து அவாந்த் என்ற அதிவேக ரயில் 33 நிமிடத்தில் கொண்டு சேர்க்கும். எல்லா இருக்கையும் முன்பதிவு. வார இறுதியில் காலை ரயில்கள் நிரம்பிவிடும் என்பதால் போகவும் வரவும் சேர்த்தே டிக்கெட் எடுத்துவிடுங்கள். அதோச்சாவில் புறநகர் ரயிலுக்கு ஒரு பகுதி, தொலைதூர ரயிலுக்கு இன்னொரு பகுதி. நீங்கள் போக வேண்டியது தொலைதூரப் பகுதிக்கு. அங்கே பைகளை ஸ்கேன் செய்வார்கள், அரை மணி நேரம் முன்னதாகப் போனால் பதற்றம் இல்லை. பாஸ்போர்ட் கையில் இருக்கட்டும். டிக்கெட் கவுன்ட்டரில் ‘டொலிடோ’ என்று கேட்பதைவிட ‘தொலேதோ’ என்றால் சட்டென்று புரியும்.

ரயில் பிடிக்காதவர்களுக்கு பிளாசா எலிப்திகா நிலையத்திலிருந்து பஸ் இருக்கிறது. கூடுதல் நேரம் ஆகும், கட்டணம் குறைவு.

தொலேதோ நிலையத்தில் இறங்கியதும் வெளியே ஓடிவிடாதீர்கள். 1919இல் திறந்த அந்தக் கட்டடத்தின் டிக்கெட் கூடத்தையும் மரவேலையையும் ஓடுகளையும் ஐந்து நிமிடம் பாருங்கள். கிறிஸ்தவ ஆட்சியின் கீழ் முஸ்லிம் கட்டட மரபில் வளர்ந்த முதேஹார் பாணியைப் பின்பற்றிக் கட்டியது அது. அதே பாணியின் அசல் வடிவங்கள் மேலே ஊருக்குள் காத்திருக்கின்றன.

நான்காம் படி: மேலே ஏறுதல்

நிலையம் கீழே, ஊர் மேலே. அல்காந்தரா பாலத்தைக் கடந்து நடந்தால் இருபது, இருபத்தைந்து நிமிட ஏற்றம். நகரப் பேருந்தில் ஏறினால் சொகொதோவேர் சதுக்கத்திலேயே இறக்கிவிடும். காலையில் பேருந்தில் ஏறி, மாலையில் கால்நடையாக இறங்குவது முழங்காலுக்கும் நல்லது, படம் எடுப்பதற்கும் நல்லது. குன்றின் பக்கவாட்டில் எஸ்கலேட்டர்களும் அமைத்திருக்கிறார்கள். ரெகாரேதோ பகுதியில் இருப்பது பழைய மதிலுக்கு அடியில் நுழைந்து மேலே ஏறுகிறது.

குன்று ஏறும் தொல்லை இந்த ஊருக்குப் புதிதல்ல. 16ஆம் நூற்றாண்டில் ஹுவானேலோ துரியானோ என்ற இத்தாலியக் கடிகாரப் பொறியாளர், நதித் தண்ணீரை ஏறக்குறைய 100 மீட்டர் உயரம் ஏற்றும் இயந்திரத்தைச் செய்து காட்டினார். தண்ணீர் ஏறியது. ஏறிய தண்ணீர் அரசரின் அல்காசருக்குப் போய்விட்டதால், எங்களுக்கு என்ன பயன் என்று நகரசபை பணம் கொடுக்க மறுத்துவிட்டது.

காலணி பற்றி ஒரு வார்த்தை. தெருவெல்லாம் உருண்டைக் கற்கள் பாவியவை, பல நூற்றாண்டு நடையில் வழவழப்பாகத் தேய்ந்தவை. புதுச் செருப்பு, குதியுயர்ந்த காலணி, சக்கரப் பெட்டி மூன்றும் மாட்ரிட் அறையிலேயே இருக்கட்டும்.

ஐந்தாம் படி: காலை, வழிகாட்டியுடன்

சொகொதோவேர் என்ற பெயரே விலங்குச் சந்தை என்னும் பொருளுள்ள அரபுச் சொல்லிலிருந்து வந்தது. பெரும்பாலான நடைகள் இங்கேதான் தொடங்கும். பத்து நிமிடம் முன்னதாக நில்லுங்கள். குழு கிளம்பிவிட்டால் அந்தச் சந்துகளில் அவர்களைத் தேடிப் பிடிப்பது நடக்காத காரியம்.

பேராலயத்தின் வேலை 1226இல் தொடங்கி 1493இல் முடிந்தது. உள்ளே வழிகாட்டியிடம் மூன்றைத் தவறவிடாமல் கேளுங்கள். ஒன்று, ‘திரான்ஸ்பரெந்தே’. பலிபீடத்தின் பின்புறம் இருட்டாக இருந்ததால், 18ஆம் நூற்றாண்டில் நார்சிசோ தொமே கூரை வளைவையே உடைத்துத் துளை போட்டு, வெயிலை உள்ளே விழவைத்தார். அந்தத் துளையைச் சுற்றித் தேவதைச் சிற்பங்கள் கும்பலாகத் தொங்குகின்றன. கோதிக் கட்டடத்துக்குள் இப்படி ஒரு ஆர்ப்பாட்டம் தேவையா என்று முகம் சுளிப்பவர்கள் உண்டு. வெயில் சரியாக விழும் நேரத்தில் நின்று பார்த்தேன், எனக்குப் பிடித்துவிட்டது. இரண்டு, கருவூலத்தில் இருக்கும் கதிர்ப்பாத்திரம் (திருவிருந்து அப்பத்தை வைத்துக் காட்டும் பாத்திரம்), என்ரிக்கே தெ அர்ஃபே செய்தது. ஏறக்குறைய மூன்று மீட்டர் உயரம், கார்புஸ் கிறிஸ்தி அன்று தெருவில் ஊர்வலம் போவது இதுதான். மூன்று, அண்ணாந்து பார்த்தால் ஆங்காங்கே தொங்கும் சிவப்புத் தொப்பிகள். கர்தினால்களைப் புதைத்த இடத்துக்கு மேலே அவர்களின் தொப்பியைக் கட்டித் தொங்கவிடுவார்கள், தானாக இற்று விழும்வரை அங்கேயே இருக்கும்.

இன்னொன்றும் கேட்டு வையுங்கள்: மொழிபெயர்ப்பாளர்கள். 12ஆம் நூற்றாண்டில் கிரெமோனாவின் ஜெரார்டு போன்றவர்கள் இங்கே உட்கார்ந்துதான் அரபு மொழியில் இருந்த கணிதத்தையும் வானியலையும் லத்தீனுக்குக் கொண்டுபோனார்கள். அதற்கு ஒரு நூற்றாண்டு முன்பு இவ்வூரில் நீதிபதியாக இருந்த சாயித் அல் அந்தலூசி, அறிவியலை வளர்த்த மக்களில் இந்தியரை முதல் வரிசையில் வைத்து எழுதினார். இதை வழிகாட்டி தானாகச் சொல்ல மாட்டார். நான் கேட்டபோது எங்கள் வழிகாட்டியின் முகம் மலர்ந்தது, வாள் கடையைப் பற்றிய பேச்சையும் அன்று மறந்துவிட்டார்.

ஆறாம் படி: சாப்பாடு

ஸ்பெயினில் மதியச் சாப்பாடு இரண்டு மணிக்குத்தான் சூடு பிடிக்கும். ஒரு மணிக்கு முன் போனால் நாற்காலிகளைத் துடைத்துக்கொண்டிருப்பார்கள். ‘மெனு தெல் தியா’ (அன்றைய சாப்பாடு) என்று பலகை தொங்கும் கடைகளில் இரண்டு உணவும் ஓர் இனிப்பும் ஒரே விலையில் கிடைக்கும். இறைச்சி சாப்பிடுகிறவர்களுக்கு இவ்வூர்ச் சிறப்பு கார்காமுசாஸ், பன்றி இறைச்சியும் பட்டாணியும் தக்காளிக் குழம்பில் வெந்தது. கௌதாரிக் குழம்பும் பெயர் பெற்றது. சைவர்களுக்குப் பிஸ்தோ இருக்கிறது: தக்காளி, கத்தரி, குடமிளகாய் வதக்கல். மேலே முட்டை உடைத்து ஊற்றுவார்கள், வேண்டாமென்றால் முன்பே சொல்லிவிடுங்கள். காய்கறிப் பதார்த்தம் என்று நம்பி வாங்கியதில் பன்றித் துணுக்குகள் தலைகாட்டுவது அங்கே சர்வசாதாரணம். ‘சின் கார்னே, சின் ஹமோன்’ (இறைச்சி இல்லாமல், பன்றித்தொடை இல்லாமல்) என்று இரண்டையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

ஏழாம் படி: மாலை, தனியாக

இப்போது மேற்கே, பழைய யூதர் குடியிருப்புப் பக்கம் இறங்குங்கள். ஏழு இடங்களுக்குச் சேர்த்து ஒரு கைப்பட்டை டிக்கெட் விற்கிறார்கள். பேராலயமும் செஃபார்தி அருங்காட்சியகமும் அதில் சேராது. மூன்று, நான்கு இடங்களாவது பார்ப்பதாக இருந்தால் மட்டும் வாங்குங்கள்.

சாந்தோ தொமே கோயிலில் இருப்பது ஒரே ஓவியம், அதற்காகத்தான் வரிசை. எல் கிரேக்கோ வரைந்த ‘ஓர்காஸ் பிரபுவின் அடக்கம்’, எந்தக் கோயிலுக்காக வரைந்தாரோ அங்கேயே இருக்கிறது. இதன் பின்னணியில் ஒரு வழக்கு உண்டு. 1323இல் இறந்த அந்தப் பிரபு, ஓர்காஸ் ஊர்க்காரர்கள் ஆண்டுதோறும் இந்தக் கோயிலுக்கு இரண்டு ஆடு, பதினாறு கோழி, இரண்டு தோற்பை திராட்சை மது, விறகு, கொஞ்சம் பணம் தர வேண்டும் என்று எழுதிவைத்தார். இரண்டு நூற்றாண்டு கழிந்ததும் அவர்கள் நிறுத்திவிட்டார்கள். பங்குத்தந்தை வழக்குப் போட்டு வென்றார், பின்னர் பிரபுவின் நினைவை நிலைநிறுத்த இந்த ஓவியத்தை வரையச் சொன்னார். இடது ஓரத்தில் தீப்பந்தம் ஏந்தி நம்மைப் பார்க்கும் சிறுவன் ஓவியரின் மகன்.

அடுத்தது எல் திரான்சிதோ தொழுகைக்கூடம், செஃபார்தி அருங்காட்சியகம் இதற்குள்தான் இருக்கிறது. பேத்ரோ அரசரின் பொருளாளர் சாமுவேல் ஹா லெவி 14ஆம் நூற்றாண்டில் கட்டியது. சுவரெல்லாம் எபிரேய எழுத்து, சுண்ணச் சாந்தில் பின்னிய பூவேலை. கட்டியவர் பின்னர் அதே அரசரின் கோபத்துக்கு ஆளாகிச் சித்திரவதையில் இறந்தார். நான் முதலில் சொன்ன வெண்ணிற சாந்தா மரியா இரண்டு தெரு தள்ளி. கிறிஸ்தவ அரசின் கீழ், யூதர்களுக்காக, முஸ்லிம் கட்டட மரபில் எழுந்த குதிரைலாட வளைவுகள். இங்கே அவசரப்படாதீர்கள், ஓரமாகச் சாய்ந்து நில்லுங்கள். 1492இல் யூதர்களை ஸ்பெயினிலிருந்தே விரட்டிவிட்டார்கள்.

நேரமிருந்தால் சான் ஹுவான் தெ லோஸ் ரெயேஸ் மடத்தின் வெளிச்சுவரைப் பார்த்துவிட்டுப் போங்கள். அங்கே தொங்கும் இரும்புச் சங்கிலிகள், ஸ்பெயினின் கடைசி முஸ்லிம் அரசான கிரானடாவுடன் நடந்த போரில் விடுவிக்கப்பட்ட கிறிஸ்தவக் கைதிகள் அணிந்திருந்தவை என்பார்கள்.

எட்டாம் படி: வாங்குவதும் திரும்புவதும்

கறுப்பு எஃகில் தங்க இழை பதிக்கும் தமாஸ்கினாதோ வேலை இவ்வூரின் கைத்தொழில். கடைகளில் குவிந்திருப்பவற்றில் இயந்திரத்தில் அச்சிட்டவை நிறைய. கைவேலைக்கு விலை பல மடங்கு. பட்டறையில் ஒருவர் உட்கார்ந்து இழையைத் தட்டுவதைப் பார்த்துவிட்டு வாங்குவது உத்தமம். வாள் வாங்கியே தீருவேன் என்பவர்கள், விமானத்தில் கைப்பையில் அது போகாது என்பதை நினைவில் வையுங்கள்.

எனக்கு மசபான் போதும். பாதாமும் சர்க்கரையும் அரைத்துப் பிடித்து லேசாகச் சுடும் இனிப்பு. நம் முந்திரி கேக்கை நினைத்துக் கடித்தால் ஏமாற்றம் இல்லை, கொஞ்சம் மிருதுவாக இருக்கும். சதுக்கத்துக் கடைகளில் துண்டு துண்டாகவும் எடை போட்டும் தருவார்கள்.

கடைசியாக ஒரு கணக்கு. யூதர் குடியிருப்பும் சான் மார்தின் பாலமும் ஊரின் மேற்குக் கோடி, ரயில் நிலையம் கிழக்கே ஆற்றுக்கு அப்பால். பாலத்தில் சூரியன் மறைவதைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு ரயிலுக்கு ஓட முடியாது. முக்கால் மணி நேரம் ஒதுக்குங்கள், கால் ஓய்ந்திருந்தால் டாக்ஸி பிடியுங்கள். ரயிலில் 33 நிமிடம் இருக்கிறது. மசபான் பெட்டியைப் பிரித்துவிட்டால் மாட்ரிட் வரை மிஞ்சாது, வீட்டுக்கு என்று இன்னொன்று தனியாகக் கட்டித் தரச் சொல்லுங்கள்.