மும்பையில் மகளை நடிக்க அனுப்பப் போகிறீர்களா?

போர்ட்ஃபோலியோ (வாய்ப்பு கேட்கக் காட்டும் போட்டோ ஆல்பம்) எடுத்துத் தருகிறோம், பதிவுக் கட்டணம் கட்டுங்கள் என்று யாராவது சொன்னால் அப்படியே திரும்பி வந்துவிடுங்கள். ஆடிஷனுக்குக் காசு கிடையாது. குழந்தையின் முகமும் உயரமும் சீக்கிரம் மாறிவிடும் என்பதால், மேக்கப் இல்லாமல் ஜன்னல் வெளிச்சத்தில் மொபைலில் எடுத்த நாலைந்து படங்களும், பெயர், வயது, உயரம் சொல்லி இரண்டு பக்கமும் திரும்பிக் காட்டும் ஒரு சின்ன வீடியோவும் போதும்.

நடிப்பவர்களைத் தேர்ந்தெடுக்கும் காஸ்டிங் ஆபீஸ்கள் நிறைய இருப்பது அந்தேரி மேற்கில், வெர்சோவா ஆராம் நகர் பக்கம். செம்பூர், மாட்டுங்காவிலிருந்து போய் வரவே அரை நாள் போய்விடும், அதனால் முதல் சுற்றுக்கு வீட்டில் எடுத்த வீடியோவை அனுப்பலாமா என்று கேளுங்கள். அப்புறம், வசனத்தை நீங்கள் நடித்துக் காட்டாதீர்கள், உங்களைத்தான் அவள் காப்பியடிப்பாள், அது கேமராவில் உடனே தெரிந்துவிடும். "உன் பென்சில் பாக்ஸைத் தம்பி ஒளித்துவைத்திருக்கிறான், எப்படிக் கேட்பாய்?" என்று சூழ்நிலையை மட்டும் சொல்லுங்கள்.

முதலில் விளம்பரம் நல்லது, ஓரிரு நாளில் முடிந்துவிடும். தினசரி சீரியல் மாதக்கணக்கில் இழுக்கும், பணமும் 90 நாள் கழித்து வருவதுதான் வழக்கம்.

வாய்ப்பு உறுதியானால் சட்டம் என்ன சொல்கிறது என்று தெரிந்துகொண்டு பேசுங்கள், இதில் கூச்சமே வேண்டாம். 2017-ல் திருத்திய குழந்தைத் தொழிலாளர் விதிகளின்படி ஒரு நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது, ஓய்வில்லாமல் 3 மணி நேரத்துக்கு மேல் கூடாது, தொடர்ந்து 27 நாளுக்கு மேல் கூடாது. தயாரிப்பாளர் கலெக்டரிடம் அனுமதி வாங்க வேண்டும். ஷூட்டிங் கோரேகான் ஃபிலிம் சிட்டியில் என்றால் அது பாந்த்ராவில் உள்ள புறநகர் மாவட்டக் கலெக்டர் ஆபீஸ். அனுமதியின் நகலைக் கேட்டு வாங்குங்கள். சம்பளத்தில் குறைந்தது 20 சதவீதம் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் குழந்தை பெயரில் டெபாசிட்டாக வேண்டும், அவள் மேஜரான பிறகுதான் எடுக்க முடியும். என்னைக் கேட்டால் முழுவதையும் அவள் பெயரிலேயே போட வேண்டும், அது அவள் உழைப்பு.

மும்பைப் பெண் ஹன்சிகா மோத்வானி குழந்தையாக இந்தி சீரியலில் நடித்து, 2011-ல் தமிழில் கதாநாயகியாக வந்ததைச் சொல்லி நம் ஆட்கள் ஆசைப்படுவதுண்டு. ஆசைப்படலாம், ஆனால் பெரும்பாலான குழந்தைகளுக்கு இது சில வருடங்களோடு முடிந்துவிடும், அதனால் பரீட்சைத் தேதிகளைக் கால்ஷீட் பேசும்போதே எழுத்தில் கொடுத்துவிடுங்கள்.

குழந்தையின் சம்மதமில்லாமல் நடிக்க வைக்கக் கூடாது என்பதும் அந்தக் குழந்தைத் தொழிலாளர் விதிகளிலேயே இருக்கிறது. அவள் வேண்டாம் என்று சொன்னால், வாய்ப்புக்காக உங்களிடம் பேசும் கோஆர்டினேட்டருக்கு நீங்களே போன் போட்டுச் சொல்லுங்கள், அவளைப் பேச வைக்காதீர்கள்.