சூரியன் மறையும்போது பச்சைக் கீற்றைப் பார்ப்பது எப்படி?

கடலில் சூரியன் முழுகும் கடைசி ஒன்றிரண்டு வினாடிகளில் அதன் மேல்விளிம்பு பச்சையாக மின்னி மறையும். காற்று ஒளியை வளைக்கிறது; சிவப்பைவிடப் பச்சையும் நீலமும் சற்றுக் கூடுதலாக வளைவதால் கடைசியில் மறைகின்றன. நீலம் வழியிலேயே சிதறிவிடும், மிஞ்சுவது பச்சை.

முதலில் சூரியனின் நிறத்தைக் கவனியுங்கள். செக்கச்செவேலென்று இறங்கினால் வீடு திரும்பலாம், காற்றில் தூசியும் ஈரப்புகையும் அதிகம். அடிவானத்தருகேயும் மஞ்சளாகக் கண் கூசினால் வாய்ப்பு உண்டு. தொடுவானத்தில் மேகம் கூடாது.

கடல்நீர் காற்றைவிட வெதுவெதுப்பாக இருக்கும் நாளில், நீர்மட்டத்திலிருந்து சில மீட்டர் உயரத்தில் நில்லுங்கள். சூரியனின் அடிப்பகுதி கால் முளைத்ததுபோல் விரிந்தால் நல்ல அறிகுறி.

முன்கூட்டியே சூரியனை முறைக்காதீர்கள். கண்ணின் சிவப்பு உணர்வு களைத்துப்போய், மஞ்சள் கீற்றே பச்சையாகத் தெரியும். பலர் 'பார்த்தேன்' என்பது இதைத்தான். முதுகைத் திருப்பி நின்று, நகக்கீற்றளவு மிஞ்சியதும் திரும்புங்கள். பைனாகுலரில் சூரியனைப் பார்த்தால் கண் நிரந்தரமாகக் கெடலாம்.

படத்துக்கு 300 மி.மீ. லென்சாவது வேண்டும், அதிலும் சூரியனின் பிம்பம் 3 மி.மீ.கூட வராது. கேமராவின் திரையைப் பார்த்தே எடுங்கள். வெண்சமநிலையை (நிறத்தைச் சரிசெய்யும் ஒயிட் பேலன்ஸ் அமைப்பை) பகல் ஒளியில் நிறுத்தி, ஃபோகஸைக் கையால் வையுங்கள். ஒளி கூடினால் பச்சை வெளிறி மஞ்சளாகிவிடும். குறைத்தே வைத்துத் தொடர்ச்சியாகச் சுடுங்கள்.

கிழக்குக் கரையில் உதயத்திலும் தெரியும். ஆனால் எந்தப் புள்ளியில் எழும் என்று முன்பே தெரிந்திருக்க வேண்டும்.