நம்ம ஒழுங்கையில் பஸ்டர் கீட்டன் படம் காட்டுவது எப்படி

திருகோணமலை உப்புவெளிப் பக்கத்தில் கோயில் திருவிழா, கல்யாண வீடு, பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டி என்று ஒலிபெருக்கி வாடகைக்குக் கொடுக்கிறவன் நான். அப்படியான ஆள் ஊமைப்படம் காட்டுகிறான் என்றால் ஊர் சிரிக்கத்தான் செய்யும். வாசிகசாலை முற்றம், ஒழுங்கை முடக்கு, மீன்வாடிக்குப் பக்கத்து வெறும் வளவு என்று கிடைத்த இடத்திலெல்லாம் அந்தக் காலத்து அமெரிக்க ஊமைப்பட நகைச்சுவைக்காரர் பஸ்டர் கீட்டனைப் போட்டுக் காட்டியதில் கைக்கு வந்த வித்தையை எழுதுகிறேன்.

எல்லாரும் முதலில் கேட்பது, சார்லி சப்ளின் இருக்க ஏன் கீட்டன்? சப்ளின் சிரிக்க வைத்துவிட்டுக் கொஞ்சம் அழவும் வைப்பார். கீட்டனுக்கு அந்தப் பழக்கமே இல்லை. முகத்தில் ஒரு அசைவும் இல்லாமல் விழுவார், எழும்புவார், தொப்பியை எடுத்துப் போட்டுக்கொண்டு நடப்பார். தமிழ், சிங்கள, முஸ்லிம் பிள்ளைகள் ஒரே பாயில் இருந்து ஒரே இடத்தில் சிரிக்கிற படம் வேறு எனக்குக் கிடைக்கவில்லை.

படத்தைத் தெரிவு செய்வது

முதல் இரவுக்கு இரண்டு படம் போதும். 1920இல் வந்த 'ஒன் வீக்', ஏறக்குறைய 25 நிமிடம். 1924இல் வந்த 'ஷெர்லொக் ஜூனியர்', 45 நிமிடம். இதற்கு மேல் இழுத்தால் சின்னதுகள் நித்திரையாகிவிடும்.

'ஒன் வீக்'கை முதலில் போடுங்கள். புதுசாகக் கல்யாணம் முடித்த சோடிக்குப் பெட்டி பெட்டியாக ஒரு வீடு வருகிறது, நம்பர் பார்த்துத் தாங்களே பூட்டிக்கொள்ள வேண்டும். பெண்ணை விரும்பிய இன்னொருவன் நம்பரை மாற்றி எழுதிவிடுகிறான். எழும்பி நிற்கிற வீட்டைப் பார்த்ததும் நம்ம சனத்துக்கு விளக்கமே தேவைப்படாது. வீட்டுத்திட்டக் காசு கட்டங்கட்டமாக வந்து, கதவுக்கு ஒரு மேசன், கூரைக்கு இன்னொரு மேசன் என்று வீடு கட்டியவர்கள் இங்கே எத்தனை பேர்! புயலில் அந்த வீடு சுழலும்போது முன்வரிசையில் சிரிப்பது எப்போதும் பெரியவர்கள்தான்.

படத்தை ஒரு தடவையாவது முழுதாகப் பார்க்காமல் கூட்டத்துக்குப் போடவேண்டாம். 'த பிளேஹவுஸ்', 'செவன் சான்சஸ்', 'கொலேஜ்' ஆகியவற்றில் வெள்ளைக்காரர் முகத்தில் கரி பூசிக் கறுப்பினத்தவரைக் கேலி செய்கிற இடங்கள் உண்டு. அந்தக் காலத்து மேடை வழக்கம்தான், ஆனாலும் பிள்ளைகளுக்குச் சும்மா போட்டுவிட்டுப் போகிற காட்சி இல்லை. 1922இல் வந்த 'கொப்ஸ்' அருமையான துரத்தல் படம். ஆனால் பொலிஸ் அணிவகுப்பில் குண்டு வெடிக்கிற காட்சி அதில் இருக்கிறது. எங்கள் ஊரில் அதைப் பார்த்து எல்லாருக்கும் சிரிப்பு வராது. கலந்த கூட்டத்துக்கு நான் அதைப் போடுவதில்லை.

எல்லாரும் புகழ்கிற 'த ஜெனரல்' படத்தையும் தனியாக வைத்திருங்கள். அமெரிக்க உள்நாட்டுப் போரில், 1862இல், வடக்குப் படையின் உளவாளிகள் தெற்கின் கோச்சியொன்றைக் கடத்திய உண்மைச் சம்பவம் அது. கீட்டன் கதாநாயகனைத் தெற்குப் பக்கம், அதாவது அடிமைமுறையைக் காக்கச் சண்டை பிடித்த பக்கம் நிறுத்தினார். போர் பார்த்த ஊரில் 'இவன் எந்தப் பக்கம்?' என்ற கேள்வி கட்டாயம் வரும். உயர்தரம் படிக்கிற பிள்ளைகளுக்குப் போட்டு, பிறகு அரை மணித்தியாலம் கதைக்க விடுங்கள். அதில் எரிகிற பாலத்தோடு ஆற்றில் விழுகிற எஞ்சின் உண்மையான எஞ்சின். ஒரிகன் மாநிலத்தில் எடுத்தார்கள். விழுந்த இடத்திலேயே கிடந்த இரும்பை இரண்டாம் உலகப்போர்க் காலத்தில்தான் பழைய இரும்புக்கு அள்ளிக்கொண்டு போனார்கள்.

இந்தப் பழைய படங்களுக்கு அமெரிக்காவில் பதிப்புரிமை முடிந்துவிட்டது. இணையத்தில் இறக்கலாம். ஆனால் பிற்காலத்தில் சேர்த்த இசைக்கு உரிமை தனி. ஆகவே சத்தத்தைப் பூட்டிவிட்டு நம்ம ஆட்களை வைத்து வாசிப்பதுதான் நல்லது.

இறக்கிய பிரதியில் ஆட்கள் எறும்பு மாதிரி ஓடுகிறார்களா என்று பாருங்கள். அந்தக் காலத்துக் கமராவைக் கையால் சுற்றினார்கள், செக்கனுக்கு 24 படத்துக்குக் குறைவாகத்தான் பெரும்பாலும் ஓடும். அதையே 24இல் ஓட்டினால் வேகம் கூடிவிடும். கணினியில் படம் ஓட்டுகிற வீ.எல்.சி.யில் வேகத்தை 0.9, 0.85 என்று இறக்கிப் பாருங்கள். அதற்குக் கீழே போகவேண்டாம். நகைச்சுவைக்காரர்கள் வேண்டுமென்றே கொஞ்சம் மெதுவாகச் சுற்றி, திரையில் வேகத்தை வாங்கினார்கள். அதையும் திருத்திவிட்டால் படம் செத்துப்போகும்.

துணியும் காற்றும்

திருகோணமலையில் இதற்கு நல்ல காலம் மாசி முதல் சித்திரை வரை. வைகாசிக்குப் பிறகு கச்சான் காற்று துணியைப் பாய்மரமாக்கிவிடும். ஐப்பசி தொடங்கினால் மழை. காற்றுக்காலத்தில் போட்டே ஆகவேண்டுமென்றால் மதிலோடு சேர்த்துக் கட்டுங்கள், கீழ் விளிம்பில் மூங்கிலை நுழைத்து இரண்டு பக்கமும் மண்மூட்டை தொங்கவிடுங்கள். துணிக்குப் பின்னால் கறுப்புத் துணி ஒன்று போட்டால் வெளிச்சம் ஊடுருவிப் போகாது. மஞ்சளடித்த பெட்ஷீட் வேண்டாம், கீட்டனின் வெள்ளைப் பவுடர் முகம் காமாலைக்காரன் முகமாகிவிடும்.

ஏழு மணிக்கு முன் தொடங்காதீர்கள், வெளிச்சம் போதாது என்று புரொஜெக்டரைக் குறை சொல்வீர்கள். தெருவிளக்கு இருந்தால் அதற்கு முதுகைக் காட்டித் திரையைக் கட்டுங்கள். நுளம்புத்திரியைக் கதிரைகளுக்குப் பின்னால் வையுங்கள், புரொஜெக்டருக்கு முன்னால் வைத்தால் புகை படத்தில் விழும்.

மத்தளம்

எனக்குப் பிடித்த பகுதி இதுதான். கூத்துக்கு மத்தளம் அடிக்கிற ஒருவரைப் பிடியுங்கள். கிடைத்தால் ஒரு ஆர்மோனியம். அவர்களைப் படத்தை இரண்டு தடவையாவது முன்கூட்டியே பார்க்க வையுங்கள். கூத்துக்காரருக்கு ஆட்டத்துக்கு அடித்துப் பழக்கம், ஆகவே கீட்டன் விழும் ஒவ்வொரு தடவையும் 'தொம்' என்று போடப் பார்ப்பார். அதை நிறுத்துங்கள். விழுவதற்கு முன் கை ஓயவேண்டும். விழும்போது சத்தமே வேண்டாம், அந்த இடத்தைச் சனத்தின் சிரிப்பு நிரப்பும். எழும்பித் தொப்பியைத் தட்டும்போது ஒரு சின்னத் தட்டு, அவ்வளவுதான். துரத்தல் வந்தால் தொடக்கத்திலேயே வேகம் பிடித்துவிடக்கூடாது. பிடித்தால் கடைசி மூன்று நிமிடத்துக்குக் கையில் எதுவும் மிஞ்சாது.

மைக்கை மத்தளத்துக்குக் கிட்ட வைத்து, சத்தத்தை வீட்டு ரேடியோ அளவுக்கு வையுங்கள். ஒலிபெருக்கிக்காரனே சொல்கிறேன், கூட்டவேண்டாம்.

நடுவில் வருகிற ஆங்கில எழுத்துகளை வாசிக்க ஒரு ஆள் வேண்டும். தமிழ்நாட்டில் அந்தக் காலத்துக் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஒருவர் இருந்தார். எங்களுக்கு எங்கள் ஒழுங்கை ரீச்சர். சுருக்கமாகத் தமிழில் சொல்லிவிட்டு வாயை மூடிக்கொள்கிறவராக இருக்கவேண்டும். படத்தில் நடப்பதை விளக்க வெளிக்கிட்டால் மைக்கை வாங்கிவிடுங்கள்.

ஆளின் கதையை எப்போது சொல்வது

தொடக்கத்தில் சொல்லாதீர்கள். 'இவர் 1895ஆம் ஆண்டு கன்சாஸ் மாநிலத்தில் பிறந்தார்' என்று தொடங்கினால் பரிசளிப்பு விழா என்று நினைத்துப் பின்வரிசை எழும்பிப் போய்விடும். விழுவதைப் பார்த்த பிறகுதான் விழுந்தவனைப் பற்றிக் கேட்க ஆசை வரும்.

முதல் படம் முடிந்து பிளேன்ரீ கொடுக்கிற நேரத்தில் ஐந்து நிமிடம் சொல்லுங்கள். தாயும் தகப்பனும் மேடைக் கலைஞர்கள். சின்ன வயதிலேயே இவரையும் மேடையேற்றினார்கள். தகப்பன் மகனைத் தூக்கி எறிவதுதான் ஆட்டம். பிடித்து எறிய வசதியாகச் சட்டையின் முதுகில் ஒரு சூட்கேஸ் பிடி தைத்திருந்தது. எறிபட்ட பிள்ளை தானும் சிரித்தால் சனம் சிரிப்பது குறைகிறது என்று அந்த வயதிலேயே கண்டுபிடித்தார், அன்றைக்குக் கட்டின முகம் அது. சிறுவர் பாதுகாப்புச் சங்கத்தார் தேடிவந்தார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள், இங்கேயும் தாய்மார் அதைத்தான் நினைத்துக்கொண்டு இருப்பார்கள். தகப்பனின் குடி கூடி அந்த ஆட்டம் ஆபத்தானபோது, 1917இல் பிரிந்து நியூயோர்க் போனார். அங்கே அப்போது பெயர்போன நகைச்சுவை நடிகர் ரொஸ்கோ ஆர்பக்கிளின் படத்தில் நடிக்கக் கூப்பிட்டார்கள். இவருக்கு நடிப்பைவிடக் கமராவின் உள்பக்கத்தைப் பார்ப்பதில்தான் கண். எங்கள் பெடியளுக்கு இந்தப் பகுதி நன்றாகப் பிடிக்கும்.

தொப்பியைப் பற்றியும் கேட்பார்கள். நல்ல தொப்பியை வெட்டித் தட்டையாக்கி, விளிம்பைச் சீனித் தண்ணீரால் விறைக்க வைத்தார். இங்கே செய்தால் எறும்பு தூக்கிக்கொண்டு போய்விடும், மட்டையில் செய்துகொடுங்கள்.

'ஷெர்லொக் ஜூனியர்' முடிந்ததும் லைட்டைப் போடாதீர்கள். கோச்சிக் கூரையில் ஓடி, தண்ணீர்த் தாங்கியின் குழாயில் தொங்குகிற இடத்துக்குத் திருப்பிக் கொண்டுபோங்கள். தண்ணீர் கொட்டி அவரைத் தண்டவாளத்தில் அடிக்கும்போது நிறுத்துங்கள். 'இந்த இடத்தில் இவருக்குக் கழுத்தெலும்பு முறிந்தது. தெரியாமல் எழும்பி ஓடினார். எத்தனையோ வருடம் கழித்து வேறு எதற்கோ எக்ஸ்ரே எடுத்தபோதுதான் டொக்டர் சொன்னார்.' அதைச் சொல்லி மறுபடி ஓடவிடுங்கள். அவர் எழும்பி ஓடுவதைப் பிள்ளைகள் இப்போது வேறு மாதிரிப் பார்ப்பார்கள்.

பிற்காலத்தைச் சொல்லும்போது கண்ணீர்க் கதையாக்காதீர்கள், அந்த மனிதர் படத்தில் ஒரு தடவைகூடச் செய்யாத வேலை அது. 1928இல் எம்.ஜி.எம். என்ற பெரிய படக் கம்பனிக்குப் போனார். தான் செய்த பெரிய பிழை அதுதான் என்று பிறகு அவரே சொன்னார். படத்தைத் தன் விருப்பத்துக்கு எடுக்கிற உரிமை போனது, பேசும்படம் வந்தது, மணவாழ்க்கை முறிந்தது, குடி பிடித்தது, 1933இல் கம்பனி வெளியே அனுப்பியது. பிறகு குடியிலிருந்து மீண்டார். 1940இல் எலினோரைக் கல்யாணம் செய்தார், கடைசிவரை ஒன்றாக இருந்தார்கள். மற்றவர்களின் படங்களுக்குச் சிரிப்புக் காட்சி எழுதிக் கொடுத்தார், தொலைக்காட்சியில் மறுபடி விழுந்தார். 1960இல் கௌரவ ஒஸ்கார் கொடுத்தார்கள். 1966இல் நுரையீரல் புற்றுநோயால் காலமானபோது வயது 70.

பெரியவர்கள் கலையாமல் இருந்தால், 1928இல் வந்த 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தின் புயல் பகுதியை மட்டும் கடைசியாகப் போடலாம். வீட்டின் முன்சுவர் முழுதாக அவர்மேல் விழும், மேல்மாடி யன்னல் ஓட்டைக்குள் அவர் நிற்பார். சுவர் இரண்டு தொன் இருந்தது என்பார்கள். உடம்பைச் சுற்றிச் சில அங்குலம்தான் இடைவெளி. இங்கே 64ஆம் ஆண்டுச் சூறாவளியைப் பார்த்தவர்கள் யாராவது இருந்தால் தங்கள் கூரை எங்கே போய் விழுந்தது என்று சொல்லத் தொடங்குவார்கள். அவர்களிடம் மைக்கைக் கொடுங்கள்.

மறுநாள்

பிள்ளைகள் மறுநாள் மதிலில் ஏறுவார்கள். 'குதிக்காதே' என்று சொல்லிப் பலனில்லை. காலையில் கடற்கரை மணலுக்குக் கூட்டிக்கொண்டு போய் விழப் பழக்குங்கள். குந்தியிருந்து தொடங்க வேண்டும், நாடி நெஞ்சில் முட்ட வேண்டும், முதுகு வளைந்திருக்க வேண்டும், தோளால் உருள வேண்டும். கையை நீட்டி ஊன்றினால் மணிக்கட்டுத்தான் முதலில் போகும். கீட்டன் சின்ன வயதிலிருந்தே மேடையில் இதைச் செய்து பழகியவர் என்பதையும், சுவர் விழுகிற காட்சிக்கு நிற்கிற இடத்தை முன்கூட்டியே அளந்து வைத்தார் என்பதையும் அங்கே வைத்துச் சொன்னால் காதில் ஏறும்.

வயர்களைச் சுற்றி வைப்பதற்கு முன் பிளக்குகளை உலர்ந்த துணியால் துடையுங்கள். உப்புக்காற்றில் இரண்டு இரவு கிடந்தால் பச்சை பிடித்துவிடும், அடுத்த படத்துக்குக் கரகரவென்று சத்தம் வரும்.