ப்ராக்ஸிமாவுக்கு நாள்காட்டி: ஒரு மண்டிக் கணக்கனின் முறை

ஈரோட்டு மஞ்சள் மண்டி ஒன்றில் முப்பத்தோரு வருடம் பேரேடு எழுதியவன் நான். ஓய்வுக்குப் பிறகு விண்வெளிக் கதை எழுத உட்கார்ந்தபோது முதலில் இடறியது தேதிதான். "நட்சத்திர ஆண்டு 4417.3" என்று போட்டு நழுவிவிடலாம். ஆனால் அந்தத் தேதியில் யாருக்கு என்ன பாக்கி என்று கேட்டால் பதில் இல்லை. நாள்காட்டி செய்ய விரும்புகிறவர்கள் வானத்தை அப்புறம் பார்க்கலாம். முதலில் சண்டையைத் தேடுங்கள். எந்த நாளை மாற்றிச் சொன்னால் உங்கள் ஊரில் கைகலப்பு வரும்?

எங்கள் பெருந்துறைப் பக்கம் அது தண்ணீர். கீழ்பவானிப் பாசனத்தில் ஒரு பருவம் ஒற்றைப்படை மதகுகளுக்கு, மறு பருவம் இரட்டைப்படை மதகுகளுக்கு. இதை அப்படியே தூக்கி, சூரியனுக்கு அடுத்து நமக்கு மிக அருகில் இருக்கும் நட்சத்திரமான ப்ராக்ஸிமா செண்டாரியைச் சுற்றும் கோளில் வைத்தேன். 2016-இல் அறிவிக்கப்பட்ட அந்தக் கோள் தன் நட்சத்திரத்தைச் சுமார் 11.187 நாளில் சுற்றிவிடுகிறது. அதன் ஒரு முகமே எப்போதும் நட்சத்திரத்தைப் பார்த்திருக்கலாம் என்பது அனுமானம். அப்படியானால் விடியலும் இல்லை, அந்தியும் இல்லை. என் கதையில் இருட்டுப் பக்கத்துப் பனியை உருக்கி, வெளிச்ச விளிம்பில் இருக்கும் வயல்களுக்கு வாய்க்கால் வெட்டியிருக்கிறார்கள். உடம்புக்குப் பழகிய 24 மணி நேர நாளை மட்டும் பூமியிலிருந்து கொண்டுபோனார்கள்.

இனி கணக்கு. ஒரு சுற்றுக்கு 11 நாள் என்றால் ஒவ்வொரு சுற்றிலும் 0.187 நாள் மிஞ்சும். பதினாறு சுற்றில் அது 2.992, கிட்டத்தட்ட 3. ஆகவே 16 சுற்றுக்கு மூன்று நாள் கூட்டினால் 179 நாள். அது ஒற்றை மதகுப் பருவம். அடுத்த 16 சுற்று இரட்டை மதகுக்கு. பிறகு ஒரு சுற்று வாய்க்காலை அடைத்துத் தூர் வாருவார்கள். மொத்தம் 33 சுற்று, 369 நாள். இதற்குப் "பட்டம்" என்று பெயர் வைத்தேன். ஆடிப்பட்டம் தேடி விதைத்தவர்களின் பேரன்கள் வேறென்ன பெயர் வைப்பார்கள்? பட்டத்துக்கு 0.17 நாள் இன்னும் மிஞ்சுகிறது. ஆறு பட்டத்துக்கு ஒரு முறை தூர்வாரும் சுற்றில் ஒரு நாள் சேர்த்தால் அதுவும் தீர்ந்தது.

பட்டம் என்ற பெரிய அலகு ஏன் வேண்டும் என்பதை என் பேத்தி காட்டிக்கொடுத்தாள். "அப்புச்சி, அங்கே போனால் எனக்கு எத்தனை வயது?" என்றாள். பத்து வயதுக்காரிக்கு 326 சுற்று. கேட்டுவிட்டு அவள் சிரித்த சிரிப்பில் சுற்றை வயதுக்குப் பயன்படுத்தும் எண்ணத்தைக் கைவிட்டேன்.

பதினொரு நாட்களுக்கும் வாயில் நுழையாத பெயர் வைக்காதீர்கள். புளியம்பட்டிச் சந்தை வியாழக்கிழமை. என் அம்மாவுக்கு வெள்ளி என்பது "சந்தைக்கு மறுநாள்". அங்கேயும் உப்புச் சந்தை, அதற்கு முன்நாள், மறுநாள் என்று வைத்தால் போதும்.

ஆண்டுகளைச் சுழற்சிப் பெயரில் மட்டும் விடுவது ஆபத்து. 2024 ஏப்ரலில் பிறந்தது குரோதி. அதற்கு முந்தைய குரோதி 1964-இல் பிறந்தது. எங்கள் வீட்டில் "குரோதி தை" என்று மட்டும் எழுதிய பழைய அடமானச் சீட்டு ஒன்றை வைத்துக்கொண்டு இரண்டு பங்காளிகள் அறுபது வருட வித்தியாசத்துக்கு மல்லுக்கட்டினார்கள். எனவே முதல் மதகு திறந்த நாளிலிருந்து ஓடும் எண் ஒன்றும் இருக்கட்டும்.

பலர் கோட்டைவிடுவது கப்பலில். பூமிக்கும் ப்ராக்ஸிமாவுக்கும் 4.24 ஒளியாண்டு. ஒளியின் வேகத்தில் பத்தில் எட்டுப் பங்கு வேகத்தில் போனால் ஊரில் இருப்பவருக்கு 5.3 ஆண்டு கழியும்; அந்த வேகத்தில் நேரம் மெதுவாக ஓடுவதால் கப்பலில் இருப்பவருக்கு 3.18 ஆண்டுதான். மாதம் நூற்றுக்கு இரண்டு ரூபாய் வட்டிக்கு ஒரு லட்சம் வாங்கிக்கொண்டு ஒருவன் கப்பலேறுகிறான் என்று வையுங்கள். ஊர்க் கடிகாரப்படி வட்டி 1,27,200 ரூபாய். அவன் கடிகாரப்படி 76,320. இரண்டுமே நிஜமான நேரம்! விதி எழுதாமல் விட்டால் கப்பல் இறங்கும் இடத்தில் ரத்தம் சிந்தும். என் விதி: கடனுக்குப் புரோநோட்டு எழுதிய ஊரின் கடிகாரம், கூலிக்குக் கப்பலின் கடிகாரம். கடன் கொடுத்தவனுக்குச் சாதகமாக இருக்கிறதே என்று கேட்பீர்கள். மண்டியில் வளர்ந்த புத்தி, மன்னியுங்கள். கடிதங்களில் எழுதிய தேதியும் வந்த தேதியும் தனித்தனியாக இருக்க வேண்டும். வானொலிச் செய்திகூட நாலேகால் ஆண்டு பழையதாகத்தான் வந்து சேரும்.

எல்லாம் முடிந்த பிறகு கதையைத் தேதி வாரியாக ஒரு பேரேட்டில் பதிந்து பாருங்கள். நான் பதிந்தபோது பன்னிரண்டாம் அத்தியாயம் தூர்வாரும் சுற்றில் விழுந்தது. வாய்க்காலில் சொட்டுத் தண்ணீர் கிடையாது. என் கதாநாயகி அதில் முங்கிக் குளித்துக்கொண்டிருந்தாள். அவளைக் கிணற்றடிக்கு மாற்ற ஒரு வாரம் ஆனது.