மலை காணாத பிள்ளைகளுக்கு மலை செய்து காட்டுவது எப்படி

கிளிநொச்சியில் எங்கே நின்று பார்த்தாலும் நிலம் மட்டம்தான். எங்கள் பிள்ளைகளுக்குத் தெரிந்த பெரிய மேடு இரணைமடுக் குளக்கட்டு. என் அப்பா 1977 கலவரத்துக்குப் பிறகு நுவரெலியாப் பக்கத் தோட்டமொன்றிலிருந்து இங்கே வந்தவர். கடைசிவரை மலைகளைப் பற்றியே பேசினார். அந்த மலைகளை ஒவ்வொரு வருடமும் வகுப்பில் களிமண்ணால் செய்கிறேன்.

நாலடிக்கு இரண்டடிப் பலகை எடுங்கள். 4 கிலோமீற்றருக்கு ஒரு சென்ரிமீற்றர் என்று வரைந்தால் இலங்கை அதில் அடங்கிவிடும். உயரத்துக்கு அதே கணக்கு சரிவராது. நாட்டிலேயே உயர்ந்த பீதுருதாலகால, 2524 மீற்றர், வெறும் 6 மில்லிமீற்றராகிவிடும். 200 மீற்றருக்கு ஒரு சென்ரிமீற்றர் வையுங்கள். உயரத்தை 20 மடங்கு கூட்டியிருக்கிறோம் என்பதைப் பிள்ளைகளிடம் கட்டாயம் சொல்லுங்கள்.

களி பூசுமுன் ஈர்க்குகளை அளந்து வெட்டி நடவேண்டும். மலைநாடு ஒரு நங்கூரம் மாதிரி. தண்டின் வடக்கே பீதுருதாலகால, பன்னிரண்டரை சென்ரிமீற்றர். தெற்கே ஹோட்டன் சமவெளியில் கிரிகல்பொத்தவுக்கும் தொட்டுபொலவுக்கும் ஏறத்தாழ 12. அங்கிருந்து மேற்கே நீளும் கையில் சிவனொளிபாதமலை (2243 மீற்றர்), 11 சென்ரிமீற்றருக்குச் சற்றுக் கூட. கிழக்குக் கையில் நமுனுகுல, 10. நக்கிள்ஸ் மலைகள் வடக்கே தனியே நிற்கும். இடையில் மகாவலிப் பள்ளத்தாக்கை விட மறக்காதீர்கள். ஹோட்டன் சமவெளியின் தெற்கு விளிம்பைச் சுவர்போல் செங்குத்தாக இறக்குங்கள். அப்பா "உலக முடிவு" என்று கையை விரித்துக் காட்டிய இடம் அது.

குளத்துக் களியில் உமி கலந்து பிசைந்து, ஈர்க்கு நுனி மறையும்வரை பூசுங்கள். முதல் வருடம் உமி சேர்க்கவில்லை. வெயிலில் வேறு வைத்துவிட்டேன். சிவனொளிபாதமலை மூன்றாகப் பிளந்தது. நிழலில்தான் காயவேண்டும். கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் களியை விரலால் தடவிவிட்டாலே போதும்.

அப்புறம் நீல நூல். மகாவலி 335 கிலோமீற்றர். 84 சென்ரிமீற்றர் நூலை மலையிலிருந்து வளைத்து வளைத்துத் திருகோணமலைக் கடல்வரை ஒட்டுங்கள். இரணைமடுவுக்குத் தண்ணீர் கொண்டுவரும் எங்கள் கனகராயன் ஆற்றுக்கு ஒரு சாண் நூல் போதும். அது வவுனியாப் பக்கம் தொடங்கி வடக்கே வருகிறது, எந்த மலையையும் தொடுவதில்லை. மாரி மழை பிழைத்தால் இரணைமடு ஏன் வற்றுகிறது என்று கேட்டுப் பாருங்கள். பிள்ளைகள் அந்த நூலைத் தொட்டுக் காட்டுவார்கள்.