உங்கள் பெயரை ஆங்கிலோ-சாக்சன் ரூன் எழுத்தில் செதுக்குவது எப்படி?

ரூன் என்று இணையத்தில் தேடினால் முதலில் வருவது 24 கூழாங்கற்கள் போட்ட ஒரு துணிப்பை. கூடவே "இந்தக் கல் வந்தால் பணம் வரும், அந்தக் கல் வந்தால் பயணம்" என்று ஒரு குட்டிப் புத்தகம். அதில் பாதிக்கு மேல் கடந்த நூறு ஆண்டுக்குள் கட்டிவிட்ட சரக்கு. அது நமக்கு வேண்டாம். இங்கிலாந்தில் 5ஆம் நூற்றாண்டிலிருந்து ஏறக்குறைய 10ஆம் நூற்றாண்டு வரை ஆங்கிலோ-சாக்சன் மக்கள் கத்தி, மோதிரம், எலும்பு, கல் என்று கிடைத்ததில் எல்லாம் செதுக்கிய ரூன் எழுத்துகளைப் பார்த்து, ஒரு மரத்துண்டில் உங்கள் பெயரைச் செதுக்கப் போகிறோம். மந்திரம் எங்கே வருகிறது என்று கேட்பீர்கள். வரும், நடுவில் வரும்.

தேவையான பொருட்கள் அதிகம் இல்லை. பழகுவதற்கு நாலைந்து ஐஸ் குச்சிகள். கடைசி வேலைக்கு ஒரு பைன் மரத்துண்டு, சுமார் 20 செ.மீ. நீளம், 3 செ.மீ. அகலம், பழைய பேக்கிங் பெட்டிப் பலகையை அறுத்தாலே போதும். பென்சில், ஸ்கேல், கூரான பேனாக்கத்தி, உப்புத்தாள், கொஞ்சம் எண்ணெய். தேக்கில் ஆரம்பிக்காதீர்கள், கை வலிதான் மிஞ்சும்.

படி 1: சரியான வரிசையை எடுங்கள்

ரூன் என்பது ஒரே ஒரு எழுத்து வரிசை இல்லை. ஜெர்மானிய மக்களிடம் இருந்த பழைய வரிசையில் 24 எழுத்துகள். முதல் ஆறின் ஒலியைச் சேர்த்து அதை ஃபுதார்க் என்கிறார்கள். கடையில் விற்கும் கல்பை இதுதான். இங்கிலாந்தில் குடியேறியவர்களின் பேச்சில் உயிரொலிகள் மாறின. 'அ' ஒலித்த நான்காவது எழுத்து மூன்றாகப் பிரிந்தது: ஒன்று 'ஒ', ஒன்று 'அ', இன்னொன்று பூனையைக் குறிக்கும் 'கேட்' என்னும் ஆங்கிலச் சொல்லில் வரும் அகன்ற 'ஏ'. நான்காவது இடத்தில் 'ஒ' நின்றதால் இங்கிலாந்து வரிசைக்கு ஃபுதோர்க் என்று பெயர். இதில் 28 எழுத்துகள். பிற்பாடு வடக்கே நார்த்தம்பிரியாவில் இன்னும் சில சேர்ந்தன.

இந்த 28ஐயும் ஒரே பொருளில் பார்க்க முடியும். 1857இல் லண்டன் பேட்டர்சி பக்கம் தேம்ஸ் ஆற்றில் ஒரு நீளமான இரும்புக் கத்தி கிடைத்தது. அதன் பக்கவாட்டில் முழு வரிசையும் கம்பி பதித்து எழுதியிருக்கிறது, பக்கத்தில் பேக்னோத் என்று ஓர் ஆளின் பெயர். இப்போது பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது. அதன் படத்தைத் தேடி போனில் வைத்துக்கொள்ளுங்கள். இதைவிட நல்ல எழுத்து அட்டவணை கிடைக்காது.

படி 2: பெயரை ஒலியாகப் பிரியுங்கள்

ஆங்கிலத்தில் எப்படி எழுதுவீர்கள் என்பதை மறந்துவிடுங்கள். காதில் என்ன விழுகிறதோ அதை எழுத வேண்டும். உதாரணத்துக்கு 'நிலா' என்ற பெயரை எடுத்துக்கொள்வோம். ந், இ, ல், ஆ. நான்கு ஒலி, நான்கு எழுத்து. குறில் நெடில் வேறுபாட்டுக்குத் தனிக் குறி கிடையாது, அதனால் 'அ', 'ஆ' இரண்டுக்கும் ஒன்றேதான்.

ந, ன, ண மூன்றுக்கும் ஒரே எழுத்து. ல, ள இரண்டுக்கும் ஒன்று. ழ வந்தால் ல எழுத்தையோ ர எழுத்தையோ நீங்களே முடிவு செய்து போட வேண்டியதுதான், அந்த ஒலி அவர்களிடம் இல்லை. த, ட இரண்டுக்கும் ஒரே எழுத்தைப் போடலாம். தங்கம், மங்கை மாதிரிப் பெயர்க்காரர்களுக்கு ஒரு வசதி: 'ங்' ஒலிக்கு இங் என்று தனி ரூன் உண்டு.

வெறும் பெயரோடு நிறுத்த வேண்டாம். ஆங்கிலோ-சாக்சன்கள் பொருளையே பேச வைப்பார்கள். லங்காஷயரில் கிடைத்த ஒரு தங்க மோதிரம், "ஏட்ரெட் என்னை உடையவன், ஏயன்ரெட் என்னைச் செதுக்கினான்" என்று சொல்கிறது, அதுவும் ரூனையும் ரோமன் எழுத்தையும் கலந்து. அதில் வரும் 'மெக் ஆஹ்', அதாவது 'என்னை உடையவர்', நமக்கு அப்படியே உதவும். ஆக நாம் செதுக்கப் போவது: நிலா மெக் ஆஹ். மொத்தம் ஒன்பது எழுத்து, அதில் 'ஆ' இரண்டு முறை வருவதால் வரையப் பழக வேண்டியது எட்டுதான்.

படி 3: எட்டு எழுத்தையும் வரைந்து பழகுங்கள்

பெரும்பாலான ரூன்களுக்கு முதுகெலும்பு செங்குத்தான நெடுங்கோடு. அதோடு சாய்கோடுகள் சேரும். படுக்கைக் கோடும் வளைவும் அநேகமாக இருக்காது. மரத்தில் ரேகை ஓடும் திசையிலேயே கோடு கீறினால் அது ரேகையோடு கலந்து மறைந்துவிடும், சில சமயம் பிளந்தும் போகும். எழுத்து எல்லாம் நேரும் சாய்வுமாக இருப்பதற்கு இதையே காரணமாகச் சொல்கிறார்கள். கத்தியைக் கையில் எடுத்தால் உங்களுக்கே புரியும்.

'ந்' எழுதுவதற்கு நெடுங்கோட்டின் நடுவில் இடது மேலிருந்து வலது கீழாக ஒரு சின்னச் சாய்கோடு வெட்டிச் செல்லட்டும். 'இ' வெறும் நெடுங்கோடு, வேறொன்றும் இல்லை. 'ல்' என்றால் நெடுங்கோட்டின் உச்சியிலிருந்து வலப்பக்கம் கீழே சரியும் ஒரு கிளை. அதே கிளை உச்சிக்குப் பதில் நடுவிலிருந்து சரிந்தால் அது 'க்'. இந்த இரண்டும்தான் அடிக்கடி குழப்பும்.

'ஆ' கொஞ்சம் கவனம் கேட்கும். நெடுங்கோட்டின் உச்சியிலிருந்து வலது கீழாக ஒரு கிளை, அதற்குக் கீழே அதே சாய்வில் இன்னொன்று. மேல் கிளையின் நுனி மட்டும் லேசாக மேல்நோக்கித் திரும்ப வேண்டும். இரண்டு நுனியும் திரும்பினால் 'ஒ' ஆகிவிடும். எதுவுமே திரும்பாவிட்டால் நான் சொன்ன அந்த அகன்ற 'ஏ'. முன்னே பார்த்த ஒன்று மூன்றான கதை இந்த நுனிகளில்தான் தெரிகிறது.

மிச்சம் மூன்றுக்கும் இரண்டு நெடுங்கோடுகள் வேண்டும். உச்சிகளிலிருந்து இரண்டு சாய்கோடுகள் நடுவில் இறங்கி ஒரு பள்ளம் போலச் சந்தித்தால் 'எ'. அவை ஒன்றையொன்று வெட்டிக்கொண்டு எதிர்க்கோட்டைத் தொட்டால் 'ம்'. இரண்டு கோட்டுக்கும் நடுவே இணையாக இரண்டு சாய்கோடு போட்டால் 'ஹ்'. பழைய ஸ்காண்டிநேவிய 'ஹ்' எழுத்துக்கு ஒரு சாய்கோடுதான். இரட்டைக் கோடு இங்கிலாந்துப் பக்கத்துக்கு அடையாளம், அதனால் ஒன்றோடு விட்டுவிடாதீர்கள்.

ஒவ்வொன்றையும் தாளில் எழுதிப் பாருங்கள். கை பழகிய பிறகு ஐஸ் குச்சிக்குப் போங்கள்.

படி 4: எழுத்தின் பெயரைத் தெரிந்துகொள்ளுங்கள்

ஒவ்வொரு ரூனுக்கும் பெயர் உண்டு, அந்தப் பெயர் ஒரு பொருளைக் குறிக்கும். பெயர்களை விளக்கும் பழைய ஆங்கிலப் பாட்டு ஒன்று இருக்கிறது, 29 எழுத்துக்கு 29 பத்தி. அதன் கையெழுத்துப் படி 1731இல் காட்டன் நூலகத் தீயில் போய்விட்டது. நல்ல வேளையாக ஜார்ஜ் ஹிக்ஸ் என்பவர் 1705இலேயே அதை அச்சில் போட்டிருந்தார், இல்லாவிட்டால் ஒரு வரிகூட நமக்குக் கிடைத்திருக்காது.

நிலாவின் நான்கு எழுத்தையும், கூடவே 'ஹ்' ஒன்றையும் பார்ப்போம். 'ந்' எழுத்தின் பெயர் நூட், அதாவது இக்கட்டு: நெஞ்சை நெருக்கும், ஆனால் முன்கூட்டியே காது கொடுப்பவருக்கு உதவியாகவும் மாறும் என்கிறது பாட்டு. 'இ' பனிக்கட்டி: கடுங்குளிர், வழுக்கல், கண்ணாடி போல மின்னும் மணித்தரை. 'ல்' கடல்நீர்: ஆடும் கப்பலில் போகிறவனுக்கு முடிவே இல்லாதது போலத் தோன்றும், கடற்குதிரையான அந்தக் கப்பலோ கடிவாளத்தை மதிக்காது. 'ஆ' கருவாலி (ஓக்) மரம்: அதன் காய் பன்றிக்குத் தீனி, பன்றி மனிதனுக்கு உணவு, கப்பலாகக் கடலில் போகும்போது அந்த மரம் எவ்வளவு உறுதி என்று அலை சோதித்துப் பார்க்கும். 'ஹ்' ஆலங்கட்டி, தானியங்களிலேயே வெளுத்தது, வானத்திலிருந்து சுழன்று விழுந்து கடைசியில் தண்ணீராகிவிடும்.

இதில் எங்கேயாவது "இந்த எழுத்து வந்தால் வேலை கிடைக்கும்" என்று இருக்கிறதா? இல்லை. விடுகதை போடுகிற மனசுதான் தெரிகிறது. அந்தக் குட்டிப் புத்தகங்கள் இந்தப் பாட்டிலிருந்து ஒரு சொல்லை உருவி, மிச்சத்தைத் தாங்களே எழுதிக்கொள்கின்றன. சில பைகளில் எழுத்தே இல்லாத வெற்றுக் கல் ஒன்றும் இருக்கும். அது 1980களில் சேர்த்தது.

படி 5: மந்திரம் எது, எது இல்லை

வடஇங்கிலாந்தில் கிங்மூர் என்ற இடத்தில் 1817இல் ஒரு தங்க மோதிரம் கிடைத்தது. வெளியே 27 ரூன், உள்ளே 3, ஆக 30. வாசித்தால் அர்த்தம் வராது. ஆனால் அதன் தொடக்கம், பழைய மருத்துவச் சுவடி ஒன்றில் இரத்தக் கசிவை நிறுத்தச் சொல்லியிருக்கும் மந்திரச் சொற்களை ஒத்திருக்கிறது. கிட்டத்தட்ட இதே வாசகத்தோடு யார்க்‌ஷயரின் பிராம்ஹாம் மூரிலும் ஒரு மோதிரம். இதைத் தாயத்து என்று தயங்காமல் சொல்லலாம்.

இன்னும் பழசு வேண்டுமானால் நார்ஃபோக்கில் ஸ்பாங் ஹில் இடுகாடு. அங்கே எரித்த எலும்புகளை இட்டு வைத்த சில தாழிகளில் மூன்று ரூன்களை அச்சாகக் குத்தியிருக்கிறார்கள். டீவ் என்ற தெய்வத்தின் பெயராக அதைப் படிக்கிறவர்கள் உண்டு. ஆங்கிலச் செவ்வாய்க்கிழமையின் பெயரில் இன்றும் ஒட்டிக்கொண்டிருப்பது அவர்தான். அடுத்த நாள் வோடனுடையது, அதற்கடுத்தது இடித் தெய்வம் துனோருடையது.

வோடன் என்றதும் 'ஒன்பது மூலிகை மந்திரம்' நினைவுக்கு வர வேண்டும். ஒன்பது மகிமைக் குச்சிகளை எடுத்து வோடன் பாம்பை அடித்தான், அது ஒன்பது துண்டாகச் சிதறியது என்று அதில் வருகிறது. அந்தக் குச்சிகளில் ரூன் செதுக்கியிருந்தது என்று பலர் எழுதுவார்கள். மூலத்தில் அப்படி ஒரு சொல்லும் இல்லை, ஊகம்தான்.

எனக்கு மிகவும் பிடித்தது பீட் பாதிரியார் எழுதிவைத்த ஒரு சம்பவம். 679இல் டிரென்ட் ஆற்றங்கரைப் போரில் இம்மா என்ற இளம் வீரன் எதிரிகளிடம் சிக்கினான். எத்தனை முறை கட்டினாலும் கட்டு அவிழ்ந்து விழுந்தது. பிடித்தவன் மிரண்டுபோய், "கட்டவிழ்க்கும் எழுத்து ஏதாவது உடம்பில் ஒளித்து வைத்திருக்கிறாயா?" என்று கேட்டான். அதெல்லாம் தனக்குத் தெரியாது, தன் சகோதரர் ஒரு மடாதிபதி, தான் செத்துவிட்டதாக நினைத்துத் தனக்காகப் பூசை செய்துகொண்டிருப்பார் என்றான் இம்மா. பீட் சொல்ல வந்தது பூசையின் மகிமை. ஆனால் எழுத்துக்குக் கட்டவிழ்க்கும் சக்தி உண்டு என்ற பேச்சு அப்போது ஊரில் இருந்ததும் சேர்ந்தே பதிவாகிவிட்டது. பின்னாளில் இதே கதையைச் சொன்ன ஆல்ஃப்ரிக் என்ற துறவி, 'ரூன்' என்ற சொல்லையே போட்டுச் சொன்னார்.

மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். 698இல் புனித கத்பர்ட்டுக்குச் செய்த கருவாலி சவப்பெட்டியில் இயேசுவின் பெயரே ரூனில் இருக்கிறது. ரத்வெல் கற்சிலுவையில் சிலுவையே பேசுவதாக வரும் கவிதை வரிகளும் ரூன்தான். நம்மிடம் இருக்கும் இங்கிலாந்து ரூன்களில் நிறைய கிறிஸ்தவர்கள் எழுதியவை. அது எழுத்து, சிலர் அதை மந்திரத்துக்கும் பயன்படுத்தினார்கள், அவ்வளவுதான்.

ஓர் எச்சரிக்கை. சாய்சதுரத்துக்கு இரண்டு கால் வைத்த ஏதெல் எழுத்தையும், மின்னல் போன்ற 'ஸ்' எழுத்தை இரட்டையாகவும் நாஜிகள் தங்கள் சின்னமாக்கிக்கொண்டார்கள். அந்த இரட்டை மின்னலைப் பொது இடத்தில் காட்டுவது ஜெர்மனியில் குற்றம். பெயரில் 'ஸ்ஸ்' வந்தால் ஒன்றோடு நிறுத்துங்கள்.

படி 6: செதுக்குங்கள்

மரத்துண்டைக் கிடைமட்டமாக வைத்தால் ரேகை இடமிருந்து வலமாக ஓடும், நெடுங்கோடுகள் அதைக் குறுக்கே வெட்டும். மேலும் கீழும் அரை செ.மீ. விட்டு இரண்டு கோடு போட்டு, அதற்குள் ஒன்பது எழுத்தையும் பென்சிலில் வரையுங்கள். சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைவெளி வேண்டாம். பிரித்துக் காட்ட ஆசையாக இருந்தால் ஒரு புள்ளி வையுங்கள்.

முதலில் நெடுங்கோடுகள் எல்லாவற்றையும் முடித்துவிடுங்கள். பென்சில் கோட்டுக்கு இடப்பக்கமிருந்து கத்தியைச் சாய்த்து ஒரு வெட்டு, வலப்பக்கமிருந்து சாய்த்து இன்னொரு வெட்டு. நடுவில் மெல்லிய சிம்பு தானே கழன்று வரும். ஒரே அழுத்தில் ஆழமாகப் போகாதீர்கள், இரண்டு மூன்று முறையாகப் போங்கள். அப்புறம் சாய்கோடுகள். கத்தி ரேகையோடு சறுக்கப் பார்ப்பது இங்கேதான், அதனால் மரத்தைப் பிடித்திருக்கும் கையை எப்போதும் கத்திக்குப் பின்னால் வையுங்கள், எதிரே வேண்டாம். 'ஆ' எழுத்தின் அந்தச் சின்ன நுனித் திருப்பத்தைக் கடைசியில் கத்தி முனையால் கிள்ளி எடுத்தால் போதும்.

உப்புத்தாளை லேசாகத் தேய்த்துப் பென்சில் தடத்தை எடுங்கள். சிவப்புச் சாயம் பூசலாமா என்றால், ஸ்வீடன் ரூன் கற்களில் அதன் தடயம் கிடைத்திருக்கிறது, விருப்பமிருந்தால் பூசிக்கொள்ளுங்கள். ஆளிவிதை எண்ணெய் தடவி ஒரு நாள் காயவிட்டால் வேலை முடிந்தது. எண்ணெய் தோய்ந்த துணியைச் சுருட்டி மூலையில் போடாமல் விரித்துக் காயப்போடுங்கள், ஆளிவிதை எண்ணெய்த் துணி தானே தீப்பிடிக்கும்.

காய்கிற நேரத்தில் போனில் வைத்த தேம்ஸ் கத்தியின் படத்தை எடுங்கள். இடமிருந்து எண்ணிக்கொண்டே வந்தால் 10ஆவது 'ந்', 11ஆவது 'இ', 25ஆவது 'ஆ'. வழக்கமான வரிசையில் 'ம்' 20ஆவது, 'ல்' 21ஆவது. இந்தக் கத்தியில் 'ல்' 22, 'ம்' 23 என்று இடம் மாறிக் கிடக்கும், எண்ணிக்கை பிசகிவிட்டதோ என்று பயப்பட வேண்டாம்.